வாசல் சரிவு எந்தக் கோர்ட்டில் சேரும்?

அன்பும் மரியாதையும் என்றும் குறையாத மாப்பிள்ளை அவர்களுக்கு,

மாமனார் எழுதிக்கொள்வது. இங்கே நானும் உங்கள் அத்தையும் சுகம். அங்கே நீங்களும் சுகம் என்பதை என் மகள் தினமும் போனில் சொல்லிவிடுவதால், அதை விசாரித்துத் தாளில் இடத்தை வீணாக்கவில்லை. இந்த வீட்டில் இப்போது சுகமில்லாதது ஒன்றே ஒன்றுதான். வாசலில் படுத்திருக்கும் சிமெண்ட் சரிவு. அதைப் பற்றித்தான் இந்தக் கடிதம்.

போனிலேயே சொல்லலாமே என்று நினைப்பீர்கள். நான் போன் செய்தால் நீங்கள் ஒன்று கோர்ட்டில் இருப்பதாகச் சொல்வீர்கள், இல்லை கோர்ட்டுக்குக் கிளம்பிக்கொண்டிருப்பதாகச் சொல்வீர்கள். இப்போதெல்லாம் நானும் கோர்ட்டில்தான் இருக்கிறேன் என்பது உங்களுக்குத் தெரியாது. இன்னொன்று, என் மகளுக்கு இதெல்லாம் தெரியக் கூடாது. தெரிந்தால் அடுத்த வண்டியைப் பிடித்து வந்து நிற்பாள், வந்ததும் அவள் அம்மா பக்கம்தான் பேசுவாள். ஆகவே தனியாக உட்கார்ந்து படித்துவிட்டுக் கிழித்துவிடவும்.

நீங்கள் கப்பல் சரக்கு வழக்குகள் மட்டும்தான் எடுப்பவர் என்பது எனக்குத் தெரியும். ஆனால் நடுக்கடலில் ஒரு பெட்டி காணாமல் போனால் அது எந்த நாட்டுக் கோர்ட்டில் சேரும் என்று சொல்லத் தெரிந்த மனுஷருக்கு, வாசலுக்கும் தெருவுக்கும் நடுவில் அசையாமல் கிடக்கிற ஒரு சரிவு எந்தக் கோர்ட்டில் சேரும் என்று சொல்லத் தெரியாமலா போய்விடும்? எங்கள் டிரைவிங் ஸ்கூலுக்கு ரிவர்ஸ் எடுக்கக் கற்றுக்கொள்ள வந்து என் மகளைக் கல்யாணம் செய்துகொண்டவர் நீங்கள். இன்றுவரை உங்களுக்கு ரிவர்ஸ் சரியாக வரவில்லை என்பது வேறு விஷயம். அந்த உரிமையில் கேட்கிறேன்.

உங்கள் அத்தை குளியலறையில் வழுக்கி விழுந்து இடுப்பு எலும்பு முறிந்ததும், ஆபரேஷன் நடந்ததும் உங்களுக்குத் தெரியும். நீங்கள் இருவரும் வந்து கூட இருந்துவிட்டுப் போனீர்கள். நீங்கள் போன பிறகுதான் சக்கர நாற்காலி வந்தது. டாக்டர், மெதுவாக நடந்துவிடுவார்கள் என்றார். டாக்டர்கள் அப்படித்தான் சொல்வார்கள். உடற்பயிற்சி சொல்லிக்கொடுக்க ஆஸ்பத்திரியிலிருந்து ஒரு பெண் வந்தாள். அவள் காலைப் பிடித்து மடக்கியதில் உங்கள் அத்தை ஒரு நாள் "அம்மா" என்று கத்திவிட்டாள். இத்தனை வருஷத்தில் அவள் அப்படிக் கத்தி நான் கேட்டதில்லை. எனக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. அந்தப் பெண்ணிடம் இனி வர வேண்டாம் என்று சொல்லி, கதவு வரை கொண்டுபோய் விட்டுவிட்டு வந்தேன். பயமாக இருந்தது மாப்பிள்ளை, அதை ஏன் மறைக்க வேண்டும்? இவள் இன்னொரு முறை விழுந்தால் நான் என்ன ஆவேன்?

ஆகவே கொத்தனாரைக் கூப்பிட்டு வாசலில் சரிவு போட்டேன். வாசலில் இருந்த படிகளை அப்படியே உள்ளே வைத்து, மேலே சிமெண்ட் போட்டு மூடிவிட்டோம். ஜன்னல் வழியாகப் பார்த்துக்கொண்டிருந்த உங்கள் அத்தை, ஓரமாகவாவது படி இருக்கட்டுமே என்றாள். படியால்தானே ஆபத்து, அதற்கு ஓரம் என்ன நடு என்ன என்றேன். "நான் விழுந்தது குளியலறையிலங்க" என்றாள். குளியலறையை மூட முடியாதே!

சரிவு என்றால் எனக்குத் தெரியாதா? வாழ்நாள் முழுக்க மேட்டில் வண்டியை நிறுத்தி எடுக்கச் சொல்லிக்கொடுத்தவன் நான். மேடு செங்குத்தாக இருந்தால் வண்டி பின்னால் உருளும். எனவே நீளமாக, மெதுவாக இறங்குகிற மாதிரி போடச் சொன்னேன். கொத்தனார் வேலையை நிறுத்திவிட்டு, "மாஸ்டர், இது நாற்காலிக்கா, லாரிக்கா?" என்று கேட்டார். நாற்காலியில் உட்காரப்போவது யார் என்று அவருக்குத் தெரியாது. நீளம் கூடியதால் சரிவு வாசலில் தொடங்கி, சாக்கடை மூடியைத் தாண்டி, தெருவுக்குள் கொஞ்சம் எட்டிப் பார்த்தது. கொஞ்சம்தான். சிமெண்ட் காய்கிற வரை நாய் மிதிக்காமல் நானே பக்கத்தில் உட்கார்ந்திருந்தேன்.

அதன்பின் சாயங்காலம் தவறாமல் அவளை நாற்காலியில் வைத்து இறக்கித் தெருமுனை வரை கூட்டிப் போய்வந்தேன். இரண்டு பக்கமும் பார்த்து, பின்னால் திரும்பிப் பார்த்து, கையைக் காட்டிவிட்டுத்தான் எடுப்பேன். "ஹாரன் ஒண்ணுதான் பாக்கி" என்பாள். அவள் முகத்தில் வெயில் படுவதைப் பார்த்தால் எனக்கு உயிர் திரும்பி வந்த மாதிரி இருக்கும்.

அது யார் கண்ணை உறுத்தியதோ, நகராட்சியிலிருந்து ஒரு நோட்டீஸ் வந்துவிட்டது. பொதுத் தெருவை ஆக்கிரமித்திருக்கிறேனாம். நானே இடிக்க வேண்டும், இல்லாவிட்டால் அவர்கள் வந்து இடிப்பார்களாம். "இத்தெருவாசி ஒருவர் அளித்த புகாரின் பேரில்" என்று ஒரு வரி. இந்தத் தெருவில் என் வாசலையே பார்த்துக்கொண்டு நாளெல்லாம் உட்கார்ந்திருப்பவர் யார்? எதிர்க்கடைத் தையல்காரர். வேறு யார்? அன்றோடு அவருடன் பேச்சை நிறுத்திவிட்டேன். அவரிடம் தைக்கக் கொடுத்திருந்த பேண்ட் துணியைத் திரும்ப வாங்கி, கடைத்தெருவில் வேறு ஒருவரிடம் கொடுத்தேன். அந்த மகானுபாவர் ஒரு காலைக் குட்டையாகத் தைத்துவிட்டார். அந்தப் பேண்ட்டோடுதான் எல்லாக் கோர்ட்டுக்கும் போய்க்கொண்டிருக்கிறேன். எதிர்க்கடைக்காரர் உட்கார்ந்தபடி என் காலைப் பார்த்துச் சிரிக்கிறார், மாப்பிள்ளை.

முதலில் சிவில் கோர்ட்டுக்குப் போனேன். நிலத் தகராறு என்றால் சிவில் கோர்ட் என்பது ஊரறிந்த விஷயம்தானே. நீதிபதி காகிதத்தைப் புரட்டிவிட்டு, நகராட்சி நோட்டீஸை எதிர்த்து முறையிடுவதற்கென்றே சட்டம் தனியாக ஒரு தீர்ப்பாயத்தை வைத்திருக்கிறது, அதை விட்டுவிட்டு இங்கே வரக் கூடாது, இந்த நீதிமன்றத்துக்கு அதிகார வரம்பு இல்லை என்றார். ஐயா, என் வீடு இந்த ஊரில், உங்கள் கோர்ட்டும் இந்த ஊரில், நடுவில் என்ன வரம்பு என்று கேட்டேன். என் வக்கீல் என் சட்டையைப் பிடித்து இழுத்து உட்கார வைத்துவிட்டார்.

தீர்ப்பாயம் ஒரு பழைய கட்டடத்தின் உச்சி மாடியில் இருக்கிறது. லிஃப்ட் கிடையாது, சரிவு கிடையாது, படிக்குக் கைப்பிடி கூடக் கிடையாது. மூச்சு வாங்கி மேலே போய், சரிவு வழக்கை விசாரிக்கிற இடத்துக்கே சரிவு இல்லையே என்று கேட்டேன். கட்டடம் வேறு துறையுடையது, அது தங்கள் அதிகாரத்தில் வராது என்றார் தலைவர். பிறகு என் வழக்கைப் பார்த்தார். சரிவின் மேல்பாதி என் சொந்த நிலத்தில் இருக்கிறது என்று மனுவில் நான் சொல்லியிருக்கிறேன் அல்லவா? நிலம் யாருக்குச் சொந்தம் என்பதை அவர்கள் பார்க்க முடியாதாம். நோட்டீஸ் சரியா தப்பா என்பதைத்தான் பார்ப்பார்களாம். நிலம் யாருடையது என்று தெரியாமல் நோட்டீஸ் சரியா என்று சொல்ல முடியாதாம். எனவே சிவில் கோர்ட்டுக்குப் போய் அதை முடித்துக்கொண்டு வரச் சொன்னார். அங்கிருந்துதான் ஐயா வருகிறேன் என்றேன். திரும்பிப் போவதற்கு வழி தெரியும் அல்லவா என்றார். சரி, புகார் கொடுத்தவர் பெயரையாவது சொல்லுங்கள் என்றால், அது நகராட்சியின் தகவல் பிரிவில் கேட்க வேண்டியதாம். அந்தப் பிரிவு சாப்பிடப் போயிருந்தது.

திரும்பவும் சிவில் கோர்ட். இந்தத் தடவை வேறு நீதிபதி, ஒரு அம்மா. என்னைப் பார்த்ததும் "மாஸ்டர்!" என்று சொல்லிவிட்டு, சட்டென்று முகத்தைக் கடுமையாக வைத்துக்கொண்டார். பார்த்தால், எங்கள் ஸ்கூலில் கற்றுக்கொண்ட பெண். கையைக் காட்டாமலே திரும்புவாள். இந்த முதியவர் எனக்கு வண்டி ஓட்டக் கற்றுக்கொடுத்தவர், நான் இந்த வழக்கை விசாரிப்பது முறையாகாது என்று சொல்லி வேறு அறைக்கு அனுப்பிவிட்டார். ஒரே நிமிஷத்தில் பெருமையும் வந்தது, வழக்கும் போனது.

அடுத்த அறையில்தான் பூதம் கிளம்பியது. அங்கே இருந்த நீதிபதி இந்த விஷயத்தை அடியோடு பார்த்துவிடலாம் என்று நகராட்சிப் பொறியாளரை டேப்போடு வரச் சொன்னார். அளந்து பார்த்தால், சரிவின் தலை என் நிலத்தில். இடுப்பு, அதாவது சாக்கடைக்கு மேலே இருக்கிற பகுதி, நகராட்சியில். கால், சாலையை அகலப்படுத்திய பிறகு நெடுஞ்சாலைத் துறைக்குப் போய்விட்டதாம். அப்படியானால் காலை இடிக்க நகராட்சிக்கு என்ன உரிமை என்று என் வக்கீல் துள்ளிக் குதித்தார். நகராட்சி வக்கீல், காலுக்கு வேண்டுமானால் நெடுஞ்சாலைத் துறையைச் சேர்த்து வழக்குப் போடட்டும், இடுப்புக்குத் தீர்ப்பாயம், தலைக்குத்தான் இந்தக் கோர்ட் என்றார். அன்றிலிருந்து உங்கள் அத்தை நாற்காலியில் இறங்கும்போது ஒவ்வொரு எல்லையிலும், "இப்ப யாருடைய ராஜ்யங்க?" என்று கேட்டு, என்னை நிறுத்தச் சொல்லி, கும்பிட்டுவிட்டுத்தான் போகிறாள். அவளுக்கு எல்லாம் விளையாட்டு.

கடைசியில் நீதிபதி, யார் விசாரிப்பது என்று முடிவாகிற வரை சரிவை யாரும் தொடக் கூடாது, உள்ளது உள்ளபடியே இருக்க வேண்டும் என்று உத்தரவு போட்டார். அன்று நான் வீட்டுக்கு நடந்து வரவில்லை மாப்பிள்ளை, மிதந்து வந்தேன். உங்கள் அத்தையிடம் சொன்னேன். கையிலிருந்த கீரையை ஆய்ந்து முடித்தாள். பிறகு, "அப்ப அடுத்த வாய்தா எப்போ?" என்று மட்டும் கேட்டாள்.

அதுதான் எனக்கு ஆச்சரியம். அவளுக்கு இந்த வழக்கில் அவ்வளவு அக்கறை. வாய்தா என்றாலே முகம் மலர்ந்துவிடும். முந்தின நாளே நாற்காலியில் உட்கார்ந்தபடி என் சட்டைக்கு இஸ்திரி போட்டுவிடுவாள். சீக்கிரம் கிளம்புங்கள், மெதுவாக வாருங்கள், அவசரப்பட்டு சாலையைக் கடக்க வேண்டாம் என்பாள். நான் இல்லாத நேரத்தில் வீட்டில் தனியாக எப்படித்தான் பொழுது போகிறதோ பாவம். சரிவைக் காப்பாற்ற நான் படுகிற பாட்டைப் பார்த்து அவளுக்கும் தெம்பு வந்திருக்க வேண்டும். நன்றாகச் சாப்பிடுகிறாள், படுத்ததும் தூங்கிவிடுகிறாள். ஒன்று மட்டும் எனக்கு உறுத்துகிறது. போன வாரம் பின்வாசல் பக்கம் தையல்காரரின் அளவு டேப் கிடந்தது. நான் இல்லாத நேரத்தில் அந்த மனுஷர் பின்பக்கமாக வந்து வீட்டை அளந்து நகராட்சிக்குச் சொல்கிறார் என்பதற்கு இதைவிட என்ன அத்தாட்சி வேண்டும்? டேப்பைப் பத்திரமாக எடுத்து வைத்திருக்கிறேன்.

இப்போது நெடுஞ்சாலைத் துறையும் வழக்கில் சேர்ந்துவிட்டது. அவர்கள் வக்கீல் மூன்று எல்லைக்கும் மேலே உயர் நீதிமன்றம்தான் என்கிறார். என் வக்கீலுக்கு அங்கே போகப் பழக்கமில்லை. எனவே மாப்பிள்ளை, எப்படியாவது லீவு போட்டு வந்து, நீங்களே எழுந்து நின்று பேசி, அந்தச் சரிவைக் காப்பாற்றித் தர வேண்டும். உங்களுக்கு இது கொசு அடிக்கிற வேலை. எனக்கு அப்படி இல்லை. அந்தச் சரிவு போனால் உங்கள் அத்தைக்குத் தெரு போய்விடும், நாலு சுவருக்குள் உட்கார்ந்துவிடுவாள். அவளை அப்படிப் பார்க்க என்னால் முடியாது.

நீங்களும் என் மகளும் நோய் நொடி இல்லாமல், வழக்கு வம்பு இல்லாமல் (மற்றவர்களுடையது நிறைய வரட்டும்), ஒருவரை ஒருவர் விட்டுக்கொடுக்காமல் நீண்ட காலம் நன்றாக வாழ வேண்டும் என்று ஆசீர்வதிக்கிறேன். வண்டியை நிறுத்தும்போது கைப்பிரேக் போட மறக்க வேண்டாம்.

இப்படிக்கு,
என்றும் உங்கள் நலம் நாடும்
மாமனார்

பின்குறிப்பு: மாப்பிள்ளை, மேலே இருப்பதில் ஆசீர்வாதத்தையும் கைப்பிரேக்கையும் தவிர மற்றதெல்லாம் ரத்து. கிழித்துப் போட்டுவிட்டு வேறு எழுதலாம் என்றுதான் பார்த்தேன். உங்கள் அத்தை இதைப் படித்துக் கண்ணில் தண்ணீர் வரச் சிரித்துவிட்டு, அப்படியே அனுப்பச் சொல்கிறாள்.

கடிதத்தை மடித்து எடுத்துக்கொண்டு தபால் நிலையத்துக்குக் கிளம்பினேன். அப்படியே வக்கீலையும் பார்த்துவர நேரமாகும் என்று முந்தின நாளே அவளிடம் சொல்லியிருந்தேன். பாதி வழியில்தான் கண்ணாடியை மறந்தது தெரிந்தது. கண்ணாடி இல்லாமல் முகவரி எழுத முடியாது. திரும்பி வந்தால் நெடுஞ்சாலைத் துறை எங்கள் தெருவைக் குறுக்கே தோண்டிப் போட்டிருந்தது. சரி என்று பின்சந்து வழியாக வந்தேன். இத்தனை மாதத்தில் நான் பின்சந்து வழியாக வந்ததே இல்லை.

பின்வாசல் திறந்திருந்தது. அங்கேயும் படிகள் உண்டு, முன்வாசலில் இருந்த மாதிரியே. உங்கள் அத்தை கடைசிப் படியிலிருந்து இறங்கிக்கொண்டிருந்தாள். நின்றுகொண்டு, மாப்பிள்ளை. ஒரு கையில் ஊன்றுகோல், இன்னொரு கை சும்மா காற்றில். பக்கத்தில், நான் கதவு வரை கொண்டுபோய் விட்டேனே, அந்த ஆஸ்பத்திரிப் பெண். தொடாமல் கூடவே நடந்து வந்தாள். சந்தின் அந்த முனையில் எனக்கு முதுகைக் காட்டிக்கொண்டு, நான் முன்பக்கமாக வந்துவிடப்போகிறேனே என்று காவல் நின்றவர் தையல்காரர்.

என் வலது கால் தானாகத் தரையை ஓங்கி மிதித்தது. கற்றுக்கொள்கிறவர்கள் ஓட்டும்போது பக்கத்து சீட்டில் உட்கார்ந்து, என் பக்கத்துப் பிரேக்கை மிதித்து மிதித்து வந்த பழக்கம் அது. அந்தச் சத்தத்தில் அவள் திரும்பினாள். அவள் தடுமாறவில்லை. கடைசி நாள் வகுப்பில் எல்லோரிடமும் நான் சொல்கிற வார்த்தை உங்களுக்கு ஞாபகம் இருக்கும், நான் காலை எடுத்துவிட்டேன், இனி வண்டி உங்கள் கையில் என்று. அவள் என் காலைப் பார்த்தாள். நிதானமாகச் சொன்னாள்.

"காலை எடுங்க. வண்டி என் கையிலதான் இருக்கு."

எடுத்தேன். அவள் சந்து முனை வரை நடந்து, திரும்பி வந்தாள்.

பிறகு டீ போட்டுக் குடித்துக்கொண்டு எல்லாம் சொன்னாள். நகராட்சிக்குப் புகார் கொடுத்தது அவளேதான். தையல்காரர் அதை எழுதிக்கொடுத்ததோடு சரி. இந்தத் தெருவாசிதானே அவளும்! எனக்குக் கோபம் வந்தது. என்னிடம் சொல்லியிருக்கலாமே, நானே படியைத் தோண்டிக் கொடுத்திருக்க மாட்டேனா என்றேன்.

"சொன்னேன், உங்க காதுல ஏறல. அந்தச் சிமெண்ட் காயற வரைக்கும் பச்சைக் குழந்தையைப் பார்த்துக்கற மாதிரி பக்கத்துலயே உட்கார்ந்திருந்தீங்க. அதை நானே எப்படி இடிக்கச் சொல்லுவேன்? நகராட்சி வந்து இடிச்சா உங்க கோவம் அவங்களோட போயிடும்னு நினைச்சேன். நீங்க கோர்ட்டுக்குப் போய் நிப்பீங்கன்னு நான் கண்டேனா?"

ஆனால் நான் கோர்ட்டுக்குப் போக ஆரம்பித்ததும், வீடு காலியாகிறது, நடந்து பார்க்கலாம் என்று தோன்றியிருக்கிறது. தையல்காரரிடம் சொல்லி அந்தப் பெண்ணை வரவழைத்தாளாம். முதல் வாய்தாவில் எழுந்து நின்றாள். சிவில் கோர்ட் என்னைத் தீர்ப்பாயத்துக்கு விரட்டியபோது அறையைக் கடந்தாள். தீர்ப்பாயம் திருப்பி அனுப்பியபோது முதல் படியில் இறங்கினாள். போன தடவையைவிட இந்தத் தடவை எவ்வளவு கூட நடந்தாள் என்று தையல்காரர் டேப் பிடித்து அளந்திருக்கிறார். யாராவது ஒரு நீதிபதி முதல் நாளே எனக்கு அதிகார வரம்பு உண்டு என்று சொல்லி வழக்கை முடித்திருந்தால், அவள் இன்னும் நாற்காலியில்தான் இருந்திருப்பாள். எல்லோருக்கும் என் நன்றியைத் தெரிவிக்க வேண்டும், எந்த முகவரிக்கு என்றுதான் தெரியவில்லை.

தையல்காரரிடம் போய் டேப்பைத் திருப்பிக் கொடுத்தேன். அந்தக் குட்டைக்கால் பேண்ட்டையும் நீட்டினேன். அவர் அதை வாங்கிக்கொண்டு மடிப்பைப் பிரித்தார். கால் சரியாகிவிடுமாம்.

ஆகவே மாப்பிள்ளை, இப்போது என் வேண்டுகோள் வேறு. சரிவின் ஒரு ஓரத்தை உடைத்து, உள்ளே இருக்கிற படிகளை வெளியே எடுக்க வேண்டும். ஆனால் சரிவை யாரும் தொடக் கூடாது என்று நானே உத்தரவு வாங்கி வைத்திருக்கிறேனே! யாரும் என்றால் அதில் நானும் உண்டு என்கிறார் என் வக்கீல். ஆப்பைப் பிடுங்கிய குரங்கு கெட்டது போங்கள். என் வாசல் சரிவை நானே உடைக்க எந்தக் கோர்ட்டில் அனுமதி கேட்பது? தலைக்கா, இடுப்புக்கா, காலுக்கா? நீங்கள் வந்துதான் தீர்க்க வேண்டும். ஆனால் அவசரம் ஒன்றும் இல்லை. வாய்தா நாள்களில் நான் இல்லாமல் நடந்தே அவளுக்குப் பழகிவிட்டதால், நான் அப்போதெல்லாம் வெளியே இருந்தால் நல்லது என்கிறாள்.

இன்று சாயங்காலம் நாற்காலியை எடுக்கவில்லை. பின்வாசலில் இறங்கி, சந்து வழியாகச் சுற்றி முன்பக்கம் வந்து, நெடுஞ்சாலைத் துறையில் கால் வைத்து, நகராட்சியைத் தாண்டி, சரிவில் நடந்தே ஏறி, அவள் பாட்டுக்கு வீட்டுக்குள் போனாள். கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டு நான் கூடவே வந்தேன். வாசலுக்கு வந்ததும் கொஞ்ச நேரம் வெளியிலேயே நின்று அழுதுவிட்டுத்தான் உள்ளே போனேன். அதை மட்டும் விட்டுவிட்டு, மற்றதையெல்லாம் என் மகளுக்குப் படித்துக் காட்டவும்.